சயாமுக்குப் போன தாத்தாவைத் தேடுகிறவர்கள் கவனத்துக்கு

மலாயா ரப்பர் தோட்டங்களுக்குக் கங்காணிகள் ஆள் பிடித்த மாவட்டங்களில் அன்றைய சேலம் ஜில்லாவும் ஒன்று. எங்கள் கண்ணங்குறிச்சிப் பக்கத்திலேயே 'மலாயா போனவர் திரும்பவில்லை' என்று சொல்லும் வீடுகள் பல உண்டு. அப்படிப் போய், ஜப்பான் காலத்தில் சயாமில் (இன்றைய தாய்லாந்தில்) இருந்து பர்மாவுக்கு ரயில் பாதை போட இழுத்துச் செல்லப்பட்ட என் தாத்தாவைத் தேடி இதுவரை ஒரு லட்சத்து முப்பதாயிரம் ரூபாய் செலவழித்திருக்கிறேன். நான் கூட்டுறவுச் சங்கத்தில் கணக்கு எழுதியவள், அதனால் கணக்கு துல்லியமாகவே இருக்கிறது. இதில் பெரும்பகுதி மிச்சமாகியிருக்கும், ஒரே ஒரு ஆள் முன்கூட்டியே விஷயத்தைச் சொல்லியிருந்தால். எனக்கு யாரும் சொல்லவில்லை. அடுத்துத் தேடப் போகிறவர்களுக்காக நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

தாத்தாவும் அவருடைய அண்ணனும் 1937இல் ஒரு கங்காணியோடு நாகப்பட்டினம் போய்க் கப்பல் ஏறினார்கள். மறு வருடம் ஜூன் மாதமே, தோட்டக்காரர்கள் செலவில் கூலிகளை மலாயாவுக்கு அனுப்புவதை இந்திய அரசு தடை செய்துவிட்டது. 'இன்னும் ஒரு வருடம் ஊரில் இருந்திருந்தால் போயே இருக்க மாட்டார்' என்று அப்பா சாகும்வரை சொல்லிக்கொண்டிருந்தார். தாத்தா போகும்போது அப்பா அப்பாயி வயிற்றில். பேராக்கில் சுங்கை சிப்புட் பக்கம் தோட்ட வேலை, அவ்வப்போது பணம், கடிதம். 1941 டிசம்பரில் ஜப்பான்காரன் மலாயாவில் இறங்கியதோடு இரண்டும் நின்றன. அப்பாயி ஏற்காட்டுக்குப் போய்க் காபித் தோட்ட லயத்தில் தங்கிப் பழம் பறித்து அப்பாவை வளர்த்தார். 1946இல் பெரிய தாத்தா மட்டும் வந்தார், ஜப்பானோடு சேர்ந்து வெள்ளைக்காரனை எதிர்த்த நேதாஜியின் ஐஎன்ஏவில் (இந்திய தேசிய ராணுவத்தில்) இருந்தவராக. 'தம்பியை 43இல் சயாமுக்குப் பிடித்துப் போனார்கள், அப்புறம் ஒரு தகவலும் இல்லை' என்று மட்டும் சொன்னாராம். செத்துவிட்டான் என்று சொல்லவில்லை. அந்த ஒரு வார்த்தை வராததால் அப்பாயி தாலியைக் கழற்றவில்லை. ஆடிப்பெருக்குக்கு மேட்டூர் போய்க் காவிரியில் முழுகிப் புதுத் தாலிக்கயிறு மாற்றுவார். சின்ன வயதில் நானும் கூடப் போயிருக்கிறேன். 1981இல் நெற்றிப் பொட்டோடுதான் அவரைத் தூக்கிக்கொண்டு போனோம்.

பெரிய தாத்தாவுக்கு 1972இல், சுதந்திரத்தின் வெள்ளி விழா ஆண்டில், தாமிரப் பட்டயமும் தியாகி பென்ஷனும் கிடைத்தன. ஆகஸ்ட் 15 வந்தால் விழாவுக்கு அழைத்துப் பொன்னாடை போர்த்துவார்கள். எங்கள் எதிர் வீட்டுத் தாத்தா அதே போரில், அதே பர்மாவில், வெள்ளைக்காரன் பட்டாளத்தில் இருந்து ஜப்பானோடு சண்டை போட்டவர். அவருக்கு ராணுவ பென்ஷன், பெட்டிக்குள் மெடல், கொடி நாளில் மரியாதை. ஒருவர் ஜப்பானை எதிர்த்தவர், ஒருவர் ஜப்பானோடு சேர்ந்தவர். இரண்டு பேரும் திண்ணையில் ஒன்றாக உட்கார்ந்து வெற்றிலை போட்டதை நான் பார்த்திருக்கிறேன். ஜப்பானுக்கு மண் சுமந்து செத்த என் தாத்தாவுக்குத்தான் தேதியும் கிடையாது, திதியும் கிடையாது.

அப்பா போன பிறகு அவருடைய தகரப் பெட்டியைக் கிளறியபோது தோட்டத்தின் பெயரும் கங்காணி பெயரும் எழுதிய பழைய கடிதம் ஒன்று கிடைத்தது. அதை உறவில் ஒருவரிடம் காட்டினேன். அவர் ஒரு ஆளை அழைத்து வந்தார். 'மரண ரயில்' என்று பெயர் வாங்கிய அந்தச் சயாம் பாதையில் செத்தவர்களின் குடும்பங்களுக்கு ஜப்பான் நஷ்டஈடு ஒதுக்கியிருக்கிறது, வாரிசுச் சான்றிதழும் மலேசிய ஆவணமும் இருந்தால் வாங்கித் தந்துவிடலாம் என்று அந்த ஆள் சொன்னார். ஆவணம் தேட 35,000 ரூபாய். சில மாதம் கழித்து முத்திரை, மொழிபெயர்ப்பு என்று இன்னும் 12,000. பிறகு போனை எடுக்கவே இல்லை. கோபம் பணத்துக்காக மட்டும் இல்லை. அவர் கொண்டு வந்து கொடுத்த 'ஆவணம்' என்பது இணையத்தில் யார் வேண்டுமானாலும் எடுக்கக்கூடிய, வெள்ளைக்காரக் கைதிகளின் புகைப்பட நகல். எலும்பும் தோலுமாக நிற்கிற யாரோ ஒருவரைக் காட்டி, 'இப்படித்தானம்மா உங்கள் தாத்தாவும் இருந்திருப்பார்' என்றார். எனக்கு அழுகை வந்துவிட்டது. அந்த அழுகைக்குத்தான் அவர் இரண்டாவது தவணை வாங்கினார்.

ஆகவே முதலில் இதைத் தெரிந்துகொள்ளுங்கள். 1951இன் சான் பிரான்சிஸ்கோ ஒப்பந்தத்தின்படி ஜப்பானிடம் இருந்து கிடைத்த தொகை, போர்க் கைதிகளாக இருந்த ராணுவத்தினருக்குப் போனது. இந்தியா அந்த ஒப்பந்தத்தில் சேரவில்லை. 1952 ஜூனில் ஜப்பானோடு தனி ஒப்பந்தம் போட்டு, இழப்பீடு கேட்கும் உரிமையை அடியோடு விட்டுக்கொடுத்துவிட்டது. மலேசியாவுக்கு 1967இல் ஜப்பான் 2.5 கோடி மலேசிய டாலர் தர ஒப்புக்கொண்டது, ஆனால் அது அரசுக்குப் பொருளாகவும் சேவையாகவும் கொடுத்தது, குடும்பங்களின் கைக்கு வந்த பணம் இல்லை. கண்ணங்குறிச்சியில் இருந்து மனுப் போட்டு வாங்கும் நஷ்டஈடு எதுவும் இல்லை. அப்படிச் சொல்லி முன்பணம் கேட்கிறவர் எவ்வளவு மரியாதையாகப் பேசினாலும் காபி கொடுத்து அனுப்பிவிடுங்கள்.

பிறகு நானே தேடினேன். காமன்வெல்த் போர்க் கல்லறை ஆணையத்தின் பெயர்ப் பட்டியல் இணையத்தில் இலவசமாக இருக்கிறது. அதில் தாத்தாவின் பெயரைப் போட்டால் அதே பெயரில் வரிசையாக ஆட்கள் வருகிறார்கள், சிலருக்கு நேரே இன்னாருடைய மகன், சேலம் ஜில்லா இன்ன ஊர் என்றுகூட இருக்கிறது. ஒரு ராத்திரி அப்படி ஒரு பெயரைப் பார்த்து, தகப்பன் பெயர் ஏறக்குறைய ஒத்துப்போனதால், தூக்கமே வரவில்லை. காலையில் நிதானமாகப் பார்த்தால் அவர் இந்திய ராணுவச் சிப்பாய். வேறு யாருடைய தாத்தாவோ. இங்கேதான் எனக்கு விஷயம் உறைத்தது. அந்தப் பட்டியலில் இருப்பவர்கள் பெரும்பாலும் ராணுவத்தில் பெயர் பதிந்தவர்கள். சயாம் ரயில் பாதையில் வேலை செய்த நேச நாட்டுக் கைதிகள் 60,000க்கு மேல், அதில் 12,000க்கு மேற்பட்டோர் இறந்தார்கள். அவர்களுடைய அதிகாரிகள் கூடவே இருந்தார்கள், மருத்துவர்கள் இருந்தார்கள், யார் எந்த முகாமில் எந்த நாள் எந்த நோயில் போனார் என்று ஒளித்து வைத்தாவது எழுதினார்கள். போர் முடிந்ததும் அந்தக் குறிப்புகளை வைத்துக்கொண்டே காட்டில் கல்லறைகளைத் தேடி எடுத்தார்கள். ஆசியத் தொழிலாளிகள் அதைப்போல் மூன்று மடங்குக்கும் மேல். மலாயாவில் இருந்து மட்டும் ஏறத்தாழ 75,000 பேர், பெரும்பாலும் தோட்டத் தமிழர்கள். பர்மாக்காரர், ஜாவாக்காரர் தனி. மொத்தத்தில் 90,000 பேர் வரை இறந்திருக்கலாம் என்கிறார்கள். 1943இல் காலரா வந்தபோது கூலி லயங்கள் அப்படியே காலியாயின. எழுதி வைக்க அங்கே ஒரு அதிகாரியும் இல்லை. கங்காணியே செத்துப்போன இடத்தில் செக்ரோல் என்ற ஆள் கணக்குப் புத்தகம் யாரிடம் இருக்கும்?

எனவே தேடத் தொடங்கும் முன் உங்கள் ஆள் யார் என்று முடிவு செய்யுங்கள். பட்டாளத்துக்காரர் என்றால் மேலே சொன்ன பட்டியல். உடல் கிடைக்காத இந்தியச் சிப்பாய்களின் பெயர்கள் சிங்கப்பூர் கிராஞ்சியிலும் ரங்கூன் அருகே தாவ்க்யானிலும் கல்லில் இருக்கின்றன. ஐஎன்ஏ என்றால் டெல்லியில் உள்ள தேசிய ஆவணக் காப்பகம், தியாகி பென்ஷன் கோப்பு. தோட்டத் தொழிலாளி என்றால் கோலாலம்பூரில் உள்ள மலேசியத் தேசிய ஆவணக் காப்பகத்தில் தோட்டப் பெயரை வைத்துத் தேட வேண்டும், ஆள் பெயரை வைத்துத் தேடினால் கிடைப்பது அரிது. மலேசியத் தமிழர்கள் சிலர், மிஞ்சி வந்த முதியவர்களின் வாய்மொழியைப் பதிவு செய்து வைத்திருக்கிறார்கள். எனக்கு அதில்தான் அந்த வட்டாரத்தில் இருந்து ஆட்களை ஏற்றிச் சென்ற விதம் தெரிந்தது. சம்பளம் உண்டு, சில மாதத்தில் திரும்பிவிடலாம் என்று கூட்டிப் போய், மூடிய சரக்கு வண்டியில் சயாம் பான்போங் வரை கொண்டுபோய், அங்கிருந்து காட்டுக்குள் நடத்தியிருக்கிறார்கள்.

அந்த ரயில் பாதை போகும் தாய்லாந்து ஊரான காஞ்சனபுரிக்குத் தனியாகப் போனேன். மகன் வேலை, மருமகள் பிரசவம், யாரும் வர முடியவில்லை. மொத்தம் 68,000 ரூபாய் ஆனது. நவம்பர் கடைசியில் போகாதீர்கள். அப்போதுதான் அந்த ரயில் பாதையின் குவாய் நதிப் பாலத்தில் திருவிழா தொடங்குகிறது. அறை வாடகை ஏறிக் கிடக்கும். அதைவிட, ராத்திரியில் பாலத்தின் மேல் குண்டு விழுவது போல் வாணவெடியும் ஒளியும் ஒலியுமாகக் காட்டுகிறார்கள், கீழே ஜனம் வறுத்த மீன் தின்றுகொண்டே கை தட்டுகிறது. எனக்கு எழுந்து ஓடிவிடலாம் போல் இருந்தது. உள்ளூர்க்காரர்களை என்ன சொல்வது, அவர்களுக்கு அது பிழைப்பு. பாங்காக் தோன்புரி ஸ்டேஷனில் இருந்து தினம் காலையும் மதியமும் ரயில் இருக்கிறது, வெளிநாட்டவருக்கு டிக்கெட் 100 பாட். டாக்ஸிக்குக் காசு கொட்ட வேண்டாம். அந்த ரயில் அதே பழைய பாதையில்தான் பாலத்தைத் தாண்டி 'நாம் தோக்' என்ற ஊர் வரை போகிறது. 415 கிலோமீட்டர் போட்ட பாதையில் இன்று ஓடுவது அந்தத் துண்டு மட்டும்.

ஊரில் ஸ்டேஷனுக்குப் பக்கத்திலேயே போர்க் கல்லறை. புல் வெட்டி, பூச்செடி வைத்து, காமன்வெல்த் படையினர் 5,000 பேருக்கு மேல், டச்சுக்காரர்கள் 1,800க்கு மேல். ஒவ்வொரு கல்லிலும் பெயர், வயது, அம்மாவோ மனைவியோ எழுதச் சொன்ன ஒரு வரி. வாசல் மண்டபத்தில் பிரிக்கப்படாத இந்தியாவின் ராணுவத்தினர் 11 பேரின் பெயர் இருக்கிறது. அதையும் ஆசையோடு படித்தேன், நம்மவர் இல்லை என்று தெரிந்தே. ஆஸ்திரேலியர்கள் ஏப்ரல் 25 விடியற்காலையில் 'நரக நெருப்புக் கணவாய்' என்று கைதிகள் பெயர் வைத்த மலை வெட்டில் கூடுகிறார்கள், அங்கே 1998இல் அருங்காட்சியகமே கட்டிவிட்டார்கள். டச்சுக்காரர்களுக்கு ஆகஸ்ட் 15, கிழக்கே போர் முடிந்த நாள். நமக்கு அது கொடியேற்றுகிற நாள். பாலத்தருகே ஒரு புத்தக் கோவில், ராணுவ மொழிபெயர்ப்பாளராக இருந்த நாகாசே தகாஷி என்ற ஜப்பானியர் குற்ற உணர்வு தாங்காமல் 1986இல் கட்டியது. அதே ஜப்பானில், டோக்கியோ யாசுகுனி கோவில் அருங்காட்சியகத்தில், இந்தப் பாதையில் ஓடிய ரயில் எஞ்சினைத் துடைத்துப் பெருமையாக நிறுத்தி வைத்திருக்கிறார்கள். ஒரே தண்டவாளம்தான், நினைக்கிற விதம் ஆளுக்கு ஒன்று.

அந்த ஊரில் தமிழ் எழுத்தைப் பார்ப்பேன் என்று நான் நினைக்கவில்லை. பாலத்துக்குக் கொஞ்சம் தள்ளி ஜப்பான் ராணுவமே 1944இல் கட்டிய ஒரு நினைவுத் தூண் இருக்கிறது. அங்கே பல மொழிக் கல்வெட்டுகளில் ஒன்று தமிழ். அடித்து வேலை வாங்கியவன்தான் முதலில் நமக்குத் தமிழில் அஞ்சலி எழுதியிருக்கிறான். கும்பிடுவதா காறித் துப்புவதா என்று தெரியாமல் நின்றேன். கடைசியில் கும்பிட்டேன், உள்ளே இருப்பது எழுத்து மட்டும்தானே. பிறகு போர்க் கல்லறைக்குப் பக்கத்தில் இருக்கும் வாட் தாவோன் வராராம் என்ற கோவிலுக்குப் போனேன். ஆசியத் தொழிலாளிகளின் எலும்புகளைச் சேர்த்துப் புதைத்த தூபி அங்கே இருக்கிறது. தாய்லாந்துத் தமிழர்கள் முயன்று, தமிழ்நாடு அரசும் பணம் கொடுத்து, 2023இல் நட்ட நடுகல்லும் அங்கேதான். நம் பக்கத்தில், தர்மபுரி சேலத்தில், மாடு மீட்டுச் செத்தவனுக்குக் கல் நட்ட ஊர்க்காரி நான். அந்தக் கல்லைப் பார்த்ததும் உடம்பு சிலிர்த்தது. பெயர்ப் பட்டியல் எதுவும் இல்லை, இருக்கவும் முடியாது. எள்ளும் பச்சரிசியும் கொண்டு போயிருந்தேன். பிக்கு ஒருவரிடம் சைகையில் கேட்டேன், தலையை ஆட்டினார். காஞ்சனபுரி போகிறவர்கள் நேரே இங்கே போங்கள். நான் முதல் நாளைப் பாலத்தில் வீணடித்தேன், வழிகாட்டி ஆட்கள் யாரும் இந்தக் கோவிலைச் சொல்வதில்லை.

ரயிலில் திரும்பும்போது இன்னொன்று மண்டையில் இடித்தது. பாதை 1943 அக்டோபர் 17இல் இணைந்து, 25ஆம் தேதி திறப்பு விழா நடந்தது. நேதாஜி சிங்கப்பூரில் சுதந்திர அரசை அறிவித்தது அக்டோபர் 21. இரண்டும் ஒரே வாரம். அடுத்த வருடம் பர்மா போன ஐஎன்ஏ படையினர் பலர் இந்த ரயிலில்தான் போனார்கள். பெரிய தாத்தா எங்களைச் சுற்றி உட்கார வைத்து, மூங்கில் காட்டு வழியாக, மரப்பாலம் கிறீச்சிடும் ரயிலில் பர்மா போன கதையைச் சொல்வார். நாங்கள் சாகசக் கதையாகக் கேட்டோம். தம்பி கிடந்த மண்ணின் மேல் போகிறோம் என்று அவருக்குத் தெரிந்திருக்குமா? தெரிந்துதான் அப்பாயியிடம் அந்த ஒரு வார்த்தையைச் சொல்லாமல் விட்டாரா? சயாமுக்குப் பிடித்துப் போவதில் இருந்து தப்பிக்கவே தோட்டத்து இளைஞர்கள் பலர் ஐஎன்ஏவில் சேர்ந்தார்கள் என்றும் படித்திருக்கிறேன். பெரிய தாத்தா எதனால் சேர்ந்தார் என்று கேட்க இப்போது ஆள் இல்லை. அவர் தியாகி இல்லை என்று நான் சொல்லவில்லை. இம்பால் பக்கம் பட்டினி கிடந்து திரும்பியவர் அவர். அதுவும் உண்மை.

ஊருக்கு வந்ததும் எங்கள் பூர்விகக் காட்டு ஓரத்தில் தாத்தாவுக்கு ஒரு கல் நடலாம் என்று 15,000 ரூபாய் முன்பணம் கொடுத்தேன். 'ஜப்பான் ராணுவம் சயாம் ரயில் பாதைக்கு இழுத்துச் சென்று உயிர் பறித்த' என்று வாசகம் எழுதினேன். நிலம் கூட்டுப் பட்டா. பெரிய தாத்தாவின் பேரன், என் பெரியப்பா மகன், கையெழுத்துப் போட வேண்டும். படித்துப் பார்த்துவிட்டுக் காகிதத்தை மடித்துக் கொடுத்தார். "ஏம்மா, தாத்தா ஜப்பான்காரனோடு நின்று சண்டை போட்டவர். நாளைக்கு இதைப் படிக்கிறவன் அண்ணன் தம்பியைக் காட்டிக் கொடுத்தான் என்று பேச மாட்டானா?" என்றார். அண்ணா, அப்படி யார் எழுதியிருக்கிறார்கள் என்று கேட்டேன். எழுத வேண்டாம், சேர்த்துப் படித்தாலே போதும் என்றார். எனக்கு ஆத்திரம்தான், ஆனாலும் அவர் சொன்னதில் ஒரு நியாயம் இருப்பது வீட்டுக்கு வந்த பிறகு புரிந்தது. ஆகஸ்ட் 15க்கு அந்தக் குடும்பம் போய் உட்காரும் நாற்காலியை என் கல் ஆட்டுகிறது. எனவே, கல்லுக்குப் பணம் கொடுக்கும் முன் வாசகத்தை எழுதி எல்லாப் பங்காளிகளிடமும் காட்டிவிடுங்கள். முடிந்தால் தனிப் பட்டா நிலத்தில் வையுங்கள்.

திதியில் மட்டும் சண்டை வரவில்லை. இறந்த நாள் தெரியாதவர்களுக்கு மகாளய அமாவாசையில் கொடுக்கலாம் என்று புரோகிதர் சொன்னார். பவானி கூடுதுறையில் கொடுத்தோம். அண்ணனும் வந்தார், காருக்கு டீசலும் அவரே போட்டார். பரிசலில் இருந்து இறங்கும்போது, 'ஜப்பான் ராணுவம்' என்பதை எடுத்துவிட்டு 'யுத்த காலத்தில்' என்று போடேன் என்றார். நான் மாட்டேன் என்றேன். இன்னும் அந்த இடத்திலேயே நிற்கிறது பேச்சு. கல் தச்சர் மட்டும் வாரம் தவறாமல் போன் செய்கிறார், பட்டறையில் இடம் இல்லை, எழுத்தைச் சொல்லுங்கள் அல்லது மீதிப் பணத்தைக் கட்டி வெறுங்கல்லாக எடுத்துக்கொண்டு போங்கள் என்று.